மாமா லோனுக்கு அப்பா கேரண்டர்: பேங்க் ‘சம்மரி ஜட்ஜ்மெண்ட்’ கேட்டிருக்கு, எதிர்வாதம் வைக்க அனுமதி கிடைக்குமா?

பிறை_மகன்
எல்லாருக்கும் வணக்கம். நான் மலேசியாவுல, பினாங்கு பக்கம் பிறையில இருக்கேன். விஷயம் எங்க அப்பாவைப் பத்தி.

2015-ல அம்மாவோட தம்பி, அதாவது எங்க மாமா, லோரி கம்பெனி ஆரம்பிச்சார். பேங்க் 200,000 வெள்ளி (ரிங்கிட்) லோன் கொடுத்துச்சு. மாமாவும் அத்தையும் டைரக்டர்ங்கிறதால கேரண்டர், அதாவது பிணை. வெளி ஆள் ஒருத்தரும் வேணும்னு பேங்க் கேட்டதால அப்பாவும் கையெழுத்துப் போட்டார். கம்பெனியில அவருக்குப் பங்கும் கிடையாது, சம்பளமும் கிடையாது. கொரோனா எம்சிஓ (நடமாட்டக் கட்டுப்பாடு) வந்து கம்பெனி படுத்துச்சு, அப்புறம் எழவே இல்ல. மாமா இப்ப ஜொகூர் பக்கம் போயிட்டார், போன் எடுக்கிறதே அபூர்வம்.

இப்ப பேங்க் ஜார்ஜ் டவுன் செஷன்ஸ் கோர்ட்ல கம்பெனி, மாமா, அத்தை, அப்பா நாலு பேர் மேலயும் கேஸ் போட்டிருக்கு. தொகை 312,000 வெள்ளி. ரிட், அதாவது கேஸ் சம்மன், வந்ததும் லாயர் பிடிச்சு அப்பியரன்ஸ் (கேஸை எதிர்க்கிறோம்ங்கிற பதிவு) போட்டுட்டோம். போன வாரம் ‘பெங்ஹாக்கிமான் தெருஸ்’, அதாவது விசாரணை இல்லாம உடனடித் தீர்ப்பு (சம்மரி ஜட்ஜ்மெண்ட்) கேட்டு ஒரு நோட்டீஸ், கூடவே பேங்க் ஆபீசரோட அஃபிடவிட் (சத்தியப் பத்திரம்), ரெண்டு விரல் கனம்.

அப்பா ஒரே பிடியா நிக்கிறார்: “அந்தக் காசுல ஒரு காசு நான் தொடல. ஜட்ஜ் முன்னாடி நின்னு நானே சொல்றேன்.” லாயரோ ஜட்ஜ் அப்பாவைப் பேசச் சொல்லிக் கேட்க மாட்டார், எல்லாம் பேப்பர்லதான்னு சொல்றார். சாட்சியே விசாரிக்காம ஒருத்தர் மேல மூணு லட்சத்துக்குத் தீர்ப்பு சொல்ல முடியுமா? தெரிஞ்சவங்க சொல்லுங்க.

செந்தூல்காரன்
படிக்கவே மனசு கஷ்டமா இருக்கு தம்பி. நம்ம ஆளுங்க குடும்பத்துக்காக, உறவுக்காகன்னு கையெழுத்துப் போட்டு மாட்டிக்கிறது எத்தனை எத்தனை. பணம் வாங்கினவன் ஊரை விட்டுப் போயிட்டான், கையெழுத்துப் போட்டவர் வீட்டு வாசல்ல சம்மன். இதுல வாய் திறந்து பேசவும் விடமாட்டாங்கன்னா அது என்ன நீதி? அப்பாவை நேர்ல கூட்டிட்டுப் போங்க, நான் சொல்றேன்.

பினாங்கு_வக்கீல்
தம்பி, உங்க லாயர் சொன்னது சரி. கொஞ்சம் விரிவா எழுதறேன், அப்பாவுக்கும் வாசிச்சுக் காட்டுங்க.

நம்ம நாட்டுல 2012 ஆகஸ்ட் 1 முதல் நடப்பில இருக்கிற நீதிமன்ற விதிகள்ல 14-வது ஆணை இதைப் பத்தினது. மாஜிஸ்திரேட், செஷன்ஸ், ஹை கோர்ட் மூணுக்கும் ஒரே விதி. பிரதிவாதி அப்பியரன்ஸ் போட்டிருக்கணும், பேங்கோட கோரிக்கை அறிக்கை அவர் கைக்கு வந்திருக்கணும், பேங்க் பக்கம் ஒருத்தர் ‘கடன் உண்மை, இவருக்கு எதிர்வாதம் எதுவும் இல்லைன்னு நம்பறேன்’னு சத்தியம் செஞ்சு அஃபிடவிட் கொடுத்திருக்கணும். இந்த மூணும் சரியா இருந்தா பேங்க் தன் வேலையை முடிச்சுட்டதுன்னு அர்த்தம். 1984-ல ஃபெடரல் கோர்ட் கயு ராயா வழக்குல சொன்னது இதுதான். அதுக்கப்புறம் பேச வேண்டிய பொறுப்பு அப்பா பக்கம் வந்துரும்.

அவர் என்ன காட்டணும்? கேஸ்ல ஜெயிப்பேன்னு காட்ட வேண்டாம். விசாரிச்சுத்தான் தீர்க்க முடியும்ங்கிற மாதிரி ஒரு பிரச்சினை இருக்குன்னு காட்டினா போதும். ஒரே ஒரு பிரச்சினை நின்னாலும் அனுமதி உண்டு. ஆனா அதை அஃபிடவிட்லதான் காட்டணும். அப்பா கோர்ட்டுக்கு வரலாம், பின்னாடி உட்காரலாம், ஆனா கூண்டுல ஏறிச் சாட்சி சொல்றது விசாரணை நடந்தாத்தான். செந்தூல் அண்ணே, நேர்ல போய் நின்னா நடக்கும்னு நம்பி அஃபிடவிட்டைக் கோட்டை விட்டவங்க நிறைய. தயவுசெஞ்சு அந்த யோசனை வேண்டாம்.

இன்னொண்ணு. அஃபிடவிட்ல எழுதிட்டா ஜட்ஜ் நம்பியே ஆகணும்னு இல்ல. 1992-ல சுப்ரீம் கோர்ட் பேங்க் நெகாரா (நம்ம மத்திய வங்கி) எதிர் முகமட் இஸ்மாயில் வழக்குல தெளிவா சொல்லிருச்சு: பிரதிவாதி சொல்றது மழுப்பலா இருந்தாலோ, துல்லியம் இல்லாம இருந்தாலோ, அந்தக் காலத்து ஆவணங்களோட மோதினாலோ, கேட்கும்போதே நம்ப முடியாததா இருந்தாலோ ஜட்ஜ் அதை ஒதுக்கலாம். இதோட வேர் 1979-ல, அப்ப நம்ம நாட்டு அப்பீலையும் கேட்ட லண்டன் பிரிவி கவுன்சில் கொடுத்த எங் மீ யோங் எதிர் லெட்சுமணன் தீர்ப்பு. அதுவும் நம்ம நாட்டு நில வழக்குதான்.

அதனால “நான் காசு தொடல”ங்கிறது மனசுக்கு எவ்வளவு நியாயமா பட்டாலும் சட்டத்துல எதிர்வாதம் ஆகாது. 1950 ஒப்பந்தச் சட்டம் 81-வது பிரிவுப்படி, ஒப்பந்தம் வேற மாதிரி சொல்லாத வரைக்கும், கடன் வாங்கினவருக்கு எவ்வளவு பொறுப்போ அவ்வளவும் கேரண்டருக்கும் உண்டு. காசு தொடாதவர்தானே கேரண்டர்.

கேரண்டி பத்திரம், ரெண்டு விரல் கன அஃபிடவிட், எல்லாத்தையும் ஒவ்வொரு பக்கமா வாசிங்க. அதுல என்ன இருக்குன்னு இங்க எழுதுங்க, பேங்க் பேரும் ஆள் பேரும் மட்டும் வேண்டாம்.

பழைய_கிரெடிட்
நான் பேங்க் கிரெடிட் பகுதியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். பேங்க் பக்கத்து நியாயத்தையும் யாராவது சொல்ல வேண்டும் என்பதால் எழுதுகிறேன்.

இந்த விதி ஏழையை மிதிக்க வந்தது இல்லை. கடன் வாங்கியதில் சந்தேகமே இல்லாத கேஸ்களில் காலத்தை இழுப்பதற்காகவே எதிர்வாதம் போடுபவர்கள் உண்டு. ‘கையெழுத்து என்னுடையதுதானா என்று ஞாபகம் இல்லை’, ‘பணம் கேட்டு அனுப்பிய டிமாண்ட் லெட்டர் வரவே இல்லை’, ‘கணக்கில் ஏதோ தப்பு இருக்கிறது’. எந்தத் தேதி, எவ்வளவு, எந்த வரி என்று கேட்டால் பதில் இருக்காது. அப்படிப்பட்ட கேஸ் எல்லாம் முழு விசாரணைக்குப் போனால், உண்மையிலேயே பிரச்சினை உள்ளவருடைய கேஸ் வரிசையில் பின்னால் நிற்கும். பேங்க் கொடுப்பதும் யாரோ ஒருவர் சேமித்து வைத்த பணம்தான்.

தம்பிக்கு ஒரு விவரம். பேங்க் அஃபிடவிட்டில் ‘கடன் சான்றிதழ்’ என்று ஒரு பக்கம் இருக்கும். இந்தத் தேதிக்கு இவ்வளவு பாக்கி என்று ஆபீசர் கையெழுத்து. வெளிப்படையான தவறு இல்லாத வரை அதுவே முடிவான சான்று என்று லோன் பத்திரத்திலேயே ஷரத்து இருக்கும். 2006-ல் செம்பாக்கா ஃபைனான்ஸ் வழக்கில் ஃபெடரல் கோர்ட் அந்த ஷரத்துக்கு முழு மதிப்பு கொடுத்தது. தொகை தப்பு என்று காட்ட வேண்டியது உங்கள் வேலை. ‘தப்பு’ என்று சொன்னால் போதாது. எந்த வரியில், எந்த ரசீதுக்கு எதிராக என்று காட்ட வேண்டும்.

செந்தூல்காரன்
ஐயா, மரியாதையோடதான் கேட்கிறேன். அந்தப் பத்திரம் எல்லாம் இங்கிலீஷ்ல. தோட்டத்துத் தமிழ்ப்பள்ளியோட படிப்பை நிறுத்தினவங்க முன்னாடி ஒரு கத்தைப் பேப்பரை வச்சு ‘இங்க, இங்க, இங்க’ன்னு விரலால காட்டிக் கையெழுத்து வாங்கினது யாரு? அப்ப ஒரு வார்த்தை விளக்காதவங்க, கோர்ட்டுக்கு வந்ததும் ‘துல்லியமா சொல்லு’ன்னு கேட்கிறது நியாயமா? எதை விளக்கினாங்க, எதை விளக்கலன்னு விசாரணை வச்சாத்தானே தெரியும்?

பழைய_கிரெடிட்
கேள்வி நியாயமானது. கிளைக்குக் கிளை நடைமுறை ஒரே மாதிரி இருந்ததில்லை, அதை நான் மறைக்கவில்லை. விளக்கிச் சொல்லி, தனியாக லாயரைப் பார்த்துவிட்டு வாருங்கள் என்று அனுப்பியவர்களும் உண்டு. ஆனால் கையெழுத்துப் போட்ட ஒவ்வொருவரும் பின்னால் வந்து ‘வாசிக்கவில்லை’ என்று சொல்லித் தப்பலாம் என்றால் எந்தக் கையெழுத்துக்கும் மதிப்பு இருக்காது.

பத்துமலை_அக்கா
நடுவுல வர்றதுக்கு மன்னிக்கணும். இங்க வாசிக்கிற மத்தவங்களுக்காக ஒண்ணு சொல்லணும்.

தம்பி, அப்பியரன்ஸ் போட்டீங்க பாருங்க, அதுவே பெரிய விஷயம். ரிட் கைக்கு வந்ததுல இருந்து 14 நாளைக்குள்ள அதைப் போடலைன்னா பேங்குக்கு சம்மரி எல்லாம் தேவையே இல்ல, நேரா ‘பெங்ஹாக்கிமான் இங்கார்’, அதாவது எதிராளி வராததால கிடைக்கிற தீர்ப்பு, எடுத்துரும். எங்க அம்மாவுக்கு அதான் நடந்துச்சு. பெர்சனல் லோன். செந்தூல் ஃப்ளாட்டைக் காலி பண்ணிட்டு பத்துமலைக்கு வந்துட்டோம். ரிட் பழைய ஃப்ளாட்டுக்கு ஏ.ஆர். ரிஜிஸ்டர் தபால்ல போயிருக்கு. கடைசியா தெரிஞ்ச முகவரிக்கு அப்படி அனுப்பினா சட்டப்படி போதுமாம். எங்களுக்கு ஒண்ணும் தெரியாது. அம்மா காசு எடுக்கப் போன அன்னைக்குத்தான் சேவிங்ஸ் கணக்கு முடங்கிக் கிடக்கிறது தெரிஞ்சது.

எங்களைக் காப்பாத்துனது ஒரு லெட்டர். வீடு மாறினப்ப அம்மா புது முகவரியை எழுதி கவுண்டர்ல கொடுத்து, நம்ம காப்பியில பேங்க் சாப் (முத்திரை) அடிச்சு வாங்கி வச்சிருந்தாங்க. பிஸ்கட் டின்னுல கிடந்துச்சு, சாப்ல தேதியோட. கடைசியா தெரிஞ்ச முகவரி பத்துமலைதான், செந்தூல் இல்லைன்னு அந்த ஒரு பேப்பரை வச்சே தீர்ப்பை ரத்து பண்ண வச்சார் லாயர். தீர்ப்பு கைக்குக் கிடைச்ச 30 நாளைக்குள்ள மனு போடணும், அதையும் தள்ளிப் போடாதீங்க.

ரத்தானதும் கடன் போயிருச்சான்னு கேட்காதீங்க. கடன் கடன்தான். அப்புறம் பேங்கோட பேசி மாசா மாசம் கட்டி முடிச்சோம். கோர்ட்டுக்குப் போறதுக்கு முன்னாடியே ஏகேபிகேவுக்கு (கடன் ஆலோசனை நிறுவனம்) போயிருக்கணும்னு எல்லாருக்கும் சொல்வேன். பேங்க் நெகாரா 2006-ல ஆரம்பிச்சது, ஆலோசனைக்குக் காசு கிடையாது.

பிறை_மகன்
அக்கா, ஐயா, எல்லாருக்கும் நன்றி. ராத்திரி உட்கார்ந்து முழுசா வாசிச்சேன். பார்த்ததை எழுதறேன்.

கேரண்டி பத்திரம் அச்சடிச்ச ஃபாரம். 4-ஆம் பக்கத்துல ஒரு வரி மட்டும் காலியா விட்டு, நீல மையில கையால ‘200,000.00’னு எழுதியிருக்கு. பக்கத்துல அப்பாவோட சுருக்கெழுத்து, பேங்க் ஆபீசரோட சுருக்கெழுத்து. கேரண்டரோட பொறுப்பு இந்தத் தொகைக்கு மேல போகாது, டிமாண்ட் தேதியில இருந்து வட்டி தனின்னு அந்த வாக்கியம் சொல்லுது.

பேங்க் கேட்கிற 312,000-ல ரெண்டு கணக்கு இருக்கு. 2015 லோன் பாக்கி 128,000. மீதி 184,000 ஒரு ஓவர்டிராஃப்ட் (ஓடி, கணக்குல இருக்கிறதுக்கு மேல எடுக்க விடுற கடன்), அது 2018-ல கொடுத்தது. அந்த 2018 ஆஃபர் லெட்டர்ல மாமா கையெழுத்தும் அத்தை கையெழுத்தும்தான் இருக்கு. அப்பா கையெழுத்து எங்கயும் இல்ல. அப்படி ஒரு ஓடி இருக்கிறதே எங்களுக்கு இப்பதான் தெரியும்.

இன்னொண்ணு. 2021-ல மாமா ரெண்டு லோரியை வித்தார். லோரி பேங்க் பிடியில இருந்ததால பேங்க் சம்மதக் கடிதம் கொடுத்திருக்கு, விலை 46,000-ஐ நேரா பேங்குக்குக் கட்டணும்னு நிபந்தனை. கட்டின பேங்க்-இன் சிலிப் அத்தைகிட்ட இருந்துச்சு, போட்டோ எடுத்து அனுப்பிட்டாங்க. அஃபிடவிட்ல இருக்கிற ஸ்டேட்மெண்ட்ல அந்த மாசம் 46,000 வரவே இல்ல. வட்டி, லேட் சார்ஜ், வட்டி, லேட் சார்ஜ்னுதான் போகுது.

இதெல்லாம் உதவுமா?

பினாங்கு_வக்கீல்
உதவுமாவா? தம்பி, இதுதான் உங்க கேஸ்.

முதல்ல அந்த 46,000. பேங்கோட சம்மதக் கடிதம், சிலிப், ஸ்டேட்மெண்ட்ல வரவு இல்லாத பக்கம், மூணையும் பக்கத்துல பக்கத்துல இணைப்பா போட்டா கடன் சான்றிதழ்ல ‘வெளிப்படையான தவறு’ இருக்குன்னு காட்டின மாதிரி. பேங்க் அதை ஓடி கணக்குல போட்டிருக்கலாம். அப்படின்னா அவங்க பதில் அஃபிடவிட்ல அதை விளக்கணும். விளக்கத்தைக் கேட்டுட்டு அதுக்கும் அப்பா பதில் கொடுக்கணும்.

அடுத்தது ஓடி. இங்க அவசரப்படாம பத்திரத்தைத் திரும்ப ஒரு தடவை பாருங்க. ‘எப்போது எந்த வகையில் கொடுத்தாலும் எல்லாக் கடனுக்கும்’னு ஒரு ஷரத்து இருக்கும், ஆல் மனீஸ் ஷரத்துன்னு சொல்லுவோம். இருந்தா, 2018 ஓடியும் அதுக்குள்ள வருதுன்னு பேங்க் வாதாடும். கடன் ஒப்பந்தத்தைக் கேரண்டருக்குத் தெரியாம மாத்தினா மாத்தினதுக்குப் பிறகு வர்ற பொறுப்புல இருந்து அவர் விடுபடுவார்னு ஒப்பந்தச் சட்டம் 86-வது பிரிவு சொல்லுது. ஆனா ‘கேரண்டர் சம்மதம் இல்லாமலே மாத்தலாம்’னு பேங்க் ஃபாரத்துல முன்கூட்டியே எழுதி வச்சிருப்பாங்க. அதனால 86-ஐ மட்டும் நம்பி நிக்காதீங்க. ஃபாரத்தோட முதல் பக்கத்துல 2015 லோன் நம்பர் மட்டும் குறிச்சிருந்தா, அந்த ஷரத்தையும் அந்த நம்பரையும் சேர்த்து எப்படி வாசிக்கிறதுங்கிறதே விசாரணைக்கு உரிய பிரச்சினை.

எல்லாம் போனாலும் அந்த நீல மை வரி நிக்கும். 200,000-க்கு மேல அசல் கேட்க முடியாது. 312,000 கேட்டிருக்காங்க.

இப்ப கசப்பான பக்கம். கோர்ட் எல்லாம் அல்லது ஒண்ணுமில்லன்னு பார்க்காது. மறுக்க முடியாத பகுதிக்கு உடனே தீர்ப்பு, மீதிக்கு விசாரணைன்னு பிரிக்கலாம். 128,000-ல 46,000 கழிச்சா 82,000. அதுக்கு அப்பாகிட்ட பதில் இருக்கா? எனக்குத் தெரிஞ்ச வரை நீங்க எழுதினதுல இல்ல. அதுக்கு மேல உள்ளதுக்குத்தான் அனுமதி கேட்கறீங்கன்னு மனசுல வச்சுக்கங்க.

வாசிக்கத் தெரியாதுங்கிற விஷயம்: செந்தூல் அண்ணனோட ஆதங்கம் எனக்கும் உண்டு. ஆனா வெறுமனே ‘வாசிக்கத் தெரியாது’ன்னு எழுதினா நிக்காது. எந்தத் தேதி, எந்தக் கிளை, எதிர்ல யார் உட்கார்ந்தாங்க, என்ன மொழியில என்ன சொன்னாங்க, 200,000-க்கு மட்டும்னு சொல்லித்தான் கையெழுத்து வாங்கினாங்களா, இதெல்லாம் அப்பாவுக்கு ஞாபகம் இருந்தா அப்படியே எழுதுங்க. ஞாபகம் இல்லாததை எழுதவே கூடாது. ஒரு வரி பொய்னு பேங்க் காட்டிட்டா மத்த உண்மையும் அதோட அடிபடும்.

அஃபிடவிட் மலாயில இருக்கும். அப்பாவுக்கு மலாய் வாசிக்கச் சிரமம்னா, ஓத் கமிஷனர் (சத்தியம் வாங்குற அதிகாரி) முன்னாடி தமிழ்ல மொழிபெயர்த்துச் சொல்லி அவர் புரிஞ்சுக்கிட்டார்னு அந்தக் குறிப்போட சத்தியம் வாங்கச் சொல்லுங்க. கோர்ட் கொடுத்த தேதியை விட்டுராதீங்க.

பழைய_கிரெடிட்
வக்கீல் சொன்னதோடு ஒன்று சேர்க்கிறேன். 46,000 ‘சஸ்பென்ஸ்’ கணக்கில் கிடக்கலாம். வரும் பணத்தை லோன் கணக்கில் சேர்க்காமல் அங்கே நிறுத்தி வைப்பது உண்டு. லாயர் மூலமாகக் கடிதம் எழுதி, அந்த சிலிப் நம்பரைக் குறிப்பிட்டு, எந்தக் கணக்கில் சேர்ந்தது என்று கேளுங்கள். பதில் வந்தால் அதுவே இணைப்பு. வரவில்லை என்றால் கேட்டோம், சொல்லவில்லை என்பதும் இணைப்பு.

ஸ்டேட்மெண்ட் எந்த மாதத்தில் தொடங்குகிறது என்றும் பாருங்கள். ‘முன் பாக்கி’ என்று ஒரு பெரிய எண்ணில் தொடங்கினால் அதற்கு முந்தைய பக்கங்களைக் கேளுங்கள். பாக்கி பிறந்த இடத்தைக் காட்டாமல் பாக்கியை மட்டும் காட்டுவது சரியில்லை. பேங்கில் இருந்தபோதும் இதைத்தான் சொன்னேன்.

சென்னை_சிவில்
சென்னையில் சிவில் வழக்குகள் நடத்துகிறேன். மலேசிய நண்பர்கள் பேசுவதைப் படிக்கையில் ஒப்பிட்டுப் பார்க்கத் தோன்றியது.

எங்களிடம் 1908 சிவில் நடைமுறைச் சட்டத்தில் ஆணை 37. அது இன்னும் கடுமை. அந்த ஆணையின் கீழ் என்று வழக்கு போட்டுவிட்டால், எதிர்வாத உரை தாக்கல் செய்யும் உரிமையே பிரதிவாதிக்குக் கிடையாது. சம்மன் கிடைத்த 10 நாளில் ஆஜராக வேண்டும். பிறகு வாதி ‘தீர்ப்புக்கான சம்மன்’ அனுப்புவார். அது கிடைத்த 10 நாளில் பிரதிவாதி அனுமதி மனு போட வேண்டும். தாமதத்துக்குத் தக்க காரணம் காட்டினால் கோர்ட் மன்னிக்கலாம். உங்கள் ஊரில் வாதி மனு போட்ட பிறகுதான் அனுமதி என்ற பேச்சே வருகிறது.

உச்ச நீதிமன்றம் 1976-ல் மெக்கலெக் வழக்கிலும், அதைத் திருத்தி அமைத்து ஹப்டவுன் வழக்கிலும் படிப்படியாக வகுத்தது. வலுவான எதிர்வாதம் என்றால் நிபந்தனை இல்லாமல் அனுமதி. நேர்மையில் சந்தேகம் வந்தால் பணம் கட்டவோ பிணை கொடுக்கவோ சொல்லலாம். நடந்திருக்க வாய்ப்புக் குறைவு என்று தோன்றினால் முழுத் தொகையையும் கூடக் கட்டச் சொல்லலாம். பகுதித் தொகையை ஒப்புக்கொண்டால் அதைக் கட்டினால்தான் மீதிக்கு அனுமதி. பெரிய பேங்க் கடன்கள் இங்கே சிவில் கோர்ட்டுக்கே வருவதில்லை. 20 லட்சம் ரூபாயும் அதற்கு மேலும் என்றால் கடன் மீட்புத் தீர்ப்பாயம்.

பினாங்கு_வக்கீல்
நன்றி ஐயா. நிபந்தனை அனுமதி இங்கேயும் உண்டு, பிணை கட்டச் சொல்லி. பணம் இல்லாதவருக்கு அந்த நிபந்தனையே கதவடைப்பு. அதனால தம்பி, அப்பாவோட வருமானம், ஈபிஎஃப், வீட்டு லோன் பாக்கி எல்லாத்தையும் லாயர்கிட்ட முன்கூட்டியே கொடுத்து வைங்க. கேள்வி வந்தா அந்த இடத்துலயே பதில் சொல்ல முடியும்.

பிறை_மகன்
எழுத நேரமாயிருச்சு, மன்னிக்கணும். விசாரணைத் தேதி முடிஞ்சது.

பேங்க் லோன் நம்பர் விஷயத்துல ஆல் மனீஸ் ஷரத்தைத்தான் பிடிச்சுக்கிட்டாங்க. 46,000-க்கு அவங்க ரெண்டாவது அஃபிடவிட்ல ‘வேறு கணக்கில் வரவு வைக்கப்பட்டது’ன்னு ஒரே வரி, எந்தக் கணக்குன்னு சொல்லல. பழைய கிரெடிட் ஐயா சொன்ன மாதிரி நாங்க எழுதின கடிதத்துக்கும் பதில் வரல, அதையும் இணைப்பா போட்டோம். ஜட்ஜ் அந்த ஒரு வரியைப் பத்தி பேங்க் லாயர்கிட்ட ரெண்டு தடவை கேட்டார்.

தீர்ப்பு: அப்பா மேல 82,000-க்கு ஜட்ஜ்மெண்ட், வட்டியோட. மீதிக்கு நிபந்தனை இல்லாத அனுமதி. எதிர்வாத உரை போட 14 நாள். கம்பெனி, மாமா, அத்தை மூணு பேரும் கோர்ட் பக்கமே வராததால அவங்க மேல ஏற்கெனவே முழுத் தொகைக்கும் இங்கார் தீர்ப்பு.

அப்பா வெளியில வந்து ரொம்ப நேரம் பேசல. அப்புறம் “அந்த 82-ஐ எப்படிக் கட்டறது”ன்னு மட்டும் கேட்டார்.

செந்தூல்காரன்
தம்பி, 312 கேட்ட இடத்துல 82-ன்னு நிக்குது. எல்லாம் உங்க உழைப்பு. ஆனாலும் சொல்றேன்: ராத்திரி உட்கார்ந்து வாசிக்க ஒரு மகன் இல்லாத கேரண்டருக்கு? அவருக்கு 312-க்கும் தீர்ப்பு வந்திருக்கும். பேப்பர் மட்டும் பார்க்கிற விதியில என் சண்டை அங்கதான் இருக்கு, அது மாறாது.

பழைய_கிரெடிட்
அதை நானும் ஒத்துக்கொள்கிறேன். கையெழுத்து வாங்கும் அன்றே எல்லைத் தொகையையும் ஷரத்தையும் அவரவர் மொழியில் ஒரு பக்கத்தில் எழுதிக் கொடுக்க வேண்டும் என்று சட்டம் வந்தால் முதல் ஆளாக ஆதரிப்பேன். ஆணை 14-ஐ எடுத்துவிட வேண்டும் என்பதில் மட்டும் உடன்பாடு இல்லை.

பிறை_மகன்
ஒரே ஒரு பயம்தான் இப்ப. 82,000 கட்ட முடியலைன்னா அப்பாவைப் பேங்க்ரப்ட் ஆக்கிருவாங்களா?

பினாங்கு_வக்கீல்
2021 செப்டம்பர் 1-ல இருந்து திவால் நடவடிக்கைக்குக் குறைஞ்சபட்சக் கடன் 100,000 வெள்ளி. வட்டி ஏறி அதைத் தாண்டாம பார்த்துக்கங்க. தாண்டினாலும் நேரா வர முடியாது. 2017 அக்டோபர்ல நடைமுறைக்கு வந்த திருத்தப்படி, கேரண்டர் மேல திவால் மனு போட பேங்க் முதல்ல கோர்ட் அனுமதி வாங்கணும். கடன் வாங்கினவர்கிட்ட வசூலிக்க எல்லா வழியும் பார்த்து முடிச்சாச்சுன்னு காட்டினாத்தான் அந்த அனுமதி. படிப்பு லோன், சொந்த உபயோகத்துக்கான கார், குடியிருக்கிற வீடு, இதுக்கு லாபம் பார்க்காம கையெழுத்துப் போட்ட சமூகக் கேரண்டர்மேல திவால் நடவடிக்கையே கிடையாது. உங்க அப்பாவோடது வியாபார லோன்ங்கிறதால அந்த முழுப் பாதுகாப்பு வராது, அனுமதி வாங்கணும்ங்கிற பாதுகாப்பு வரும். ஆனா வீட்டுச் சாமான் ஜப்தி, பேங்க் கணக்கு முடக்கம் இதெல்லாம் 82,000-க்கும் வரலாம். தீர்ப்புல அதிருப்தின்னா 14 நாளைக்குள்ள ஹை கோர்ட்டுக்கு அப்பீல். ஆனா இதுல அப்பீல் போறதை விட, மாசத் தவணைக்கு எழுத்துல ஒப்பந்தம் போடச் சொல்லி லாயர் மூலம் இந்த வாரமே கேளுங்க. விசாரணை நிலுவையில இருக்கிறப்ப பேங்கும் பேசத் தயாரா இருக்கும்.

அப்பா கட்டுற ஒவ்வொரு வெள்ளிக்கும் ரசீது வைங்க. கேரண்டர் கட்டின பணத்தைக் கடன் வாங்கின கம்பெனிகிட்ட முழுசா திரும்பக் கேட்கலாம், சக கேரண்டர்களான மாமா, அத்தைகிட்ட அவங்க பங்கைக் கேட்கலாம்.

பிறை_மகன்
மாமா மேல கேஸ் போட அம்மா சம்மதிக்க மாட்டாங்க அண்ணே. ரசீது மட்டும் ஃபைல் போட்டு வைக்கிறேன். தவணைக் கடிதம் நாளைக்குப் போகுது.

பத்துமலை_அக்கா
கடிதம் கொடுக்கிறப்ப நம்ம காப்பியில சாப் அடிச்சு வாங்கிக்கங்க தம்பி.